தோற்ற தரப்பு வழக்கறிஞரின் வாழ்க்கையை எழுதுவது எப்படி?

அமெரிக்க உள்நாட்டுப் போரில் (1861–1865) தோற்ற தென்மாநிலங்களின் தலைவர்களுள் ஒருவரான, ஜார்ஜியா மாநிலத்தைச் சேர்ந்த அலெக்சாண்டர் ஸ்டீபன்ஸ் (1812–1883) போன்ற ஒருவரின் வரலாற்றை எழுத முற்படுபவர், அந்தப் போரைப் பற்றி அவரே எழுதிய நூலிலிருந்து தொடங்கக் கூடாது. அது வழக்கறிஞர் ஒருவர் தம் கட்சிக்காரருக்காகத் தயாரித்த வாதுரை. இங்கே கட்சிக்காரரும் அவரே.

முதலில் அவர் வகித்த பதவிகளைக் காலவரிசையில் எழுதிக்கொள்ளுங்கள். 1834இல் வழக்கறிஞர், 1843 முதல் 1859 வரை அமெரிக்கப் பிரதிநிதிகள் சபை உறுப்பினர், 1861இல் அமெரிக்காவிலிருந்து பிரிந்த தென்மாநிலக் கூட்டமைப்பின் துணைத் தலைவர், 1865இல் பாஸ்டன் துறைமுகத்து வாரன் கோட்டையில் கைதி, இறக்கும்போது ஜார்ஜியாவின் ஆளுநர். இதற்கு அரைப் பக்கம் போதும்.

அடுத்து, அவர் எதை எப்போது சொன்னார் என்பதைத் தேதியிட்டு அருகருகே வையுங்கள். 1860 நவம்பரில் பிரிவினையை எதிர்த்துப் பேசியவர், 1861 மார்ச் 21 அன்று சவான்னாவில், கறுப்பர் வெள்ளையருக்குச் சமமல்லர், அடிமைநிலையே அவர்களுக்கு இயல்பானது என்பதுதான் புதிய அரசின் மூலைக்கல் என்று அறிவித்தார். தோல்விக்குப் பின், 1868இலும் 1870இலும் இரு தொகுதிகளாக வெளிவந்த அந்த நூலிலோ, போரின் மூலகாரணம் அரசமைப்பு பற்றிய கருத்து வேறுபாடே என்று வாதிட்டார்.

சவான்னா உரை செய்தியாளரின் குறிப்புகளைக் கொண்டு அச்சானது. அந்தப் பதிவு பிழையானது என்று சிறை நாட்குறிப்பில் அவர் குறைபட்டுக்கொண்டார். இத்தகைய மறுப்பை உடனே ஏற்கவும் வேண்டாம், தள்ளவும் வேண்டாம். அதே காலத்தில் வேறிடத்தில் என்ன பேசினார் என்று தேடுங்கள். ஏறத்தாழ ஒரு மாதம் கழித்து, ரிச்மண்டில், பிரிவினை குறித்துக் கூடிய வர்ஜீனியா மாநில மாநாட்டின் முன் அவர் அதே கருத்தைத்தான் முன்வைத்தார்.

நூலின் வடிவத்தையும் கவனியுங்கள். தம் வீட்டுக்கு வந்த கற்பனை விருந்தினர்களோடு உரையாடுவதாக அதை அமைத்திருக்கிறார். எதிர்த்தரப்பின் கேள்விகளையும் தாமே எழுதிக்கொள்ளும் வசதி எந்த நீதிமன்றத்திலும் அவருக்குக் கிடைத்திருக்காது.

இறுதியாக, அவர் அடிமைகளாக வைத்திருந்த மனிதர்களைத் தேடுங்கள். 1850, 1860ஆம் ஆண்டுகளின் அடிமைகள் கணக்கெடுப்பு அட்டவணைகளில் உரிமையாளரின் பெயருக்குக் கீழே பெரும்பாலும் வயது, பால், நிறம் ஆகியவை மட்டுமே இருக்கும். பெயர்களுக்கு உயில்களையும் குடும்பக் கடிதங்களையும் பார்த்துவிட்டு, விடுதலை பெற்றவர்கள் பெயரோடு பதிவான 1870ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பில், அவர் வாழ்ந்த கிராஃபோர்ட்வில் வட்டாரப் பக்கங்களை வரி வரியாக ஒப்பிட வேண்டும்.