டிவி காட்சியை வெட்டி டிவியையே கேள்வி கேட்கும் குறும்படம் எடுப்பது எப்படி

கேமரா வேண்டாம். முப்பது வினாடி விளம்பரம் ஒன்று, இல்லையென்றால் ஒரு செய்தித் துணுக்கு, அப்புறம் வெட்டி ஒட்ட ஏதாவது ஒரு எடிட்டிங் ஆப், இவ்வளவு போதும். அமெரிக்கக் கலைஞர் புரூஸ் கானர் 1958-இல் செய்த 12 நிமிடப் படமான 'எ மூவி' பழைய செய்திப் படங்களையும் சினிமாத் துண்டுகளையும் ஒட்டியே உருவானது.

உடனே வெட்ட உட்காராதீர்கள், முதலில் பாருங்கள். சத்தத்தை அணைத்துவிட்டு மூன்று தடவை, பிறகு கண்ணை மூடிக்கொண்டு காதால் மட்டும் ஒரு தடவை. எத்தனை ஷாட், யாருக்கு குளோசப், யார் பேச வாயெடுத்ததும் காட்சி மாறுகிறது என்றெல்லாம் பேப்பரில் குறித்துக்கொள்ளுங்கள். அழுகிற ஒரு தாயின் முகத்தில் பியானோ எந்த நொடியில் வந்து சேர்கிறது என்று இப்படித்தான் ஒருநாள் கண்டுபிடித்தேன், அதற்கப்புறம் என்னால் செய்தியைப் பழையபடி பார்க்கவே முடியவில்லை.

சரி, இப்போது வெட்டலாம். ஒரே ஒரு உத்தியை எடுத்துக்கொள்ளுங்கள், எல்லாவற்றையும் கலக்க வேண்டாம். வீடியோ கலைஞர் டாரா பர்ன்பாம் 1978-79-இல் டிவித் தொடரின் 'வொண்டர் வுமன்' சுழன்று சூப்பர் ஹீரோயினாக உருமாறும் காட்சியைத் திரும்பத் திரும்பப் போட்டார், போடப் போட மாயம் உதிர்ந்து அது எப்படிச் செய்யப்பட்டது என்பதுதான் கண்ணில் நிற்கிறது. சிற்பி ரிச்சர்ட் செர்ராவும் கார்லோட்டா ஃபே ஸ்கூல்மனும் 1973-இல் செய்த வீடியோவில் காட்சிகளையே நீக்கிவிட்டார்கள்: இதமான பின்னணி இசை, மேலே நகரும் எழுத்து, விளம்பரதாரருக்கு விற்கப்படும் சரக்கு பார்வையாளராகிய நீங்கள்தான் என்ற செய்தி. பிரெஞ்சுச் சிந்தனையாளர் கீ தெபோர் 1952-லேயே தன் படமொன்றில் இன்னும் தூரம் போயிருந்தார், பேச்சு வந்தால் வெள்ளைத் திரை, நின்றால் கறுப்பு, கடைசி 24 நிமிடம் வெறும் மௌன இருட்டு.

எனக்குக் கறுப்புதான் பிடிக்கும். எல்லோரும் எதிர்பார்க்கிற அந்த ஒரு நொடியில் படத்தை மறைத்து, சத்தத்தை மட்டும் பத்து வினாடி ஓடவிடுங்கள். பார்ப்பவர்கள் நெளிவார்கள், பக்கத்தில் இருப்பவரைத் திரும்பிப் பார்ப்பார்கள், தாங்கள் ஒரு அறையில் உட்கார்ந்து எதையோ பார்த்துக்கொண்டிருக்கிறோம் என்பது அப்போதுதான் உறைக்கும்.

இரண்டு தப்புகளை மட்டும் தவிர்த்துவிடுங்கள். டிவியைத் தாக்குகிறோம் என்று டிவியைவிட வேகமாக வெட்டினால் கையில் மிஞ்சுவது இன்னொரு விளம்பரம். கருத்தை விளக்கும் பின்னணிக் குரலும் கூடாது, என்ன நினைக்க வேண்டும் என்று நீங்களே சொல்லிவிட்டால் பார்ப்பவருக்கு வேலையே இல்லை.

முடித்ததும் நாலைந்து பேருக்குப் போட்டுக் காட்டி, இருட்டில் என்ன தெரிந்தது என்று தனித்தனியாகக் கேளுங்கள். எல்லோரும் ஒரே பதிலைச் சொன்னால் மறுபடி வெட்டுங்கள்.