இடிச்சீலை: உங்கள் மாய உலகத்துக்கு ஒன்று நெய்வது எப்படி?

மாயக்கதை எழுத உட்காருகிறவர்களுக்கு ஒரு மந்திரத் துணி மேல் எப்படியும் ஆசை வந்துவிடும். எனக்கும் வந்தது. என் முதல் கதையில் நாயகி சீலையைத் தலைக்கு மேல் விரிப்பாள், இடி விழும், சீலை அதை உறிஞ்சிக்கொள்ளும். படித்த தோழி ஒன்றுதான் கேட்டாள்: "உறிஞ்சினது எங்கடி போச்சு?" பதில் இல்லை. கதையை மூடி வைத்துவிட்டேன்.

இந்த முறை அந்தக் கேள்வியை மனதில் வைத்துக்கொண்டே நெய்வோம். புதிதாக எழுதுகிறவர்களுக்கு ஒரு தாளும் பேனாவும் போதும்.

படி 1: இழை

1729-இல் ஸ்டீபன் கிரே என்ற ஆங்கிலேயர் நீளமான கயிறு வழியாக மின்சாரத்தை அனுப்பிப் பார்த்தார். கயிற்றைப் பட்டு நூலில் தொங்கவிட்டபோது அது மறுமுனை வரை போனது. பட்டு அறுந்துபோகவே பித்தளைக் கம்பியில் தொங்கவிட்டார். அவ்வளவுதான், எல்லாம் கம்பி வழியே கசிந்துவிட்டது. பட்டு தடுக்கும், உலோகம் கடத்தும். உலோகங்களிலேயே நன்றாகக் கடத்துவது வெள்ளி.

இப்போது சரிகையை நினைத்துப் பாருங்கள். நடுவில் பட்டு நூல், அதன்மேல் சுற்றிய தட்டையான வெள்ளிக் கம்பி. தடுப்பதும் கடத்துவதும் ஒரே இழையில்! இதை நான் கற்பனையில்கூடக் கண்டுபிடித்திருக்க மாட்டேன்.

ஒரு எச்சரிக்கை: நனைந்த பட்டை நம்பக் கூடாது. இடிமேகத்திலிருந்து மின்சாரத்தை இறக்கப் பட்டம் விடுகிறவர் கதவுக்குள் நிற்க வேண்டும், கையில் பிடிக்கும் பட்டு நாடா நனையக் கூடாது என்று பெஞ்சமின் ஃபிராங்க்ளின் 1752-இல் எழுதினார். உங்கள் நாயகியோ கொட்டும் மழையில் நிற்கிறாள். சீலையின் உட்புறத்துக்கு மெழுகு பூசுவாளோ, வேறென்ன செய்வாளோ, இப்போதே முடிவு செய்யுங்கள்.

படி 2: மந்திரம் எவ்வளவு?

கட்டடங்களில் இடிதாங்கியிலிருந்து இறங்கும் செம்புக் கடத்திக்கு 50 சதுர மில்லிமீட்டர் குறுக்குப்பரப்பு வழக்கமான அளவு. வெள்ளி இழை 0.1 மி.மீ. தடிமன் என்றால் அதே பரப்புக்குச் சுமார் 6,400 இழைகள் வேண்டும். 5 மீட்டர் சீலையில் வெள்ளி மட்டுமே இரண்டரைக் கிலோவைத் தாண்டும். அதைச் சுற்றிக்கொண்டு மலையேற விட்டுவிடாதீர்கள், பாவம்.

மந்திரத்துக்கு இங்கே மட்டும் இடம் கொடுங்கள். என் கதையில் அது 6,400 இழையின் வேலையை 100 இழையில் முடிக்கிறது. அதற்குக் கூலி உண்டு: ஒவ்வொரு இடிக்கும் ஓர் இழை கருகும்.

படி 3: தறி

வெள்ளி பாவில் ஓடட்டும், ஊடையில் வேண்டாம். பாவு என்பது சீலையின் நீளவாக்கில் ஓடும் நூல். ஊடை நூல் கரைக்குக் கரை போய்த் திரும்புவது. வெள்ளியை அதில் வைத்தால், 5 மீட்டர் இறங்குவதற்கு மின்னல் குறுக்கும் மறுக்குமாகப் பல கிலோமீட்டர் அலைய வேண்டும். அதற்கு அவ்வளவு பொறுமை கிடையாது. பக்கத்தில் இருக்கிற உடம்பு வழியாகத் தாவிவிடும். பாவிழை என்றால் தலையிலிருந்து முந்தானை வரை நேர்வழி.

நெய்யும்போது பாவிழை அறுந்தால் எடுத்து முடிச்சுப் போடுவார்கள். வெள்ளியில் அந்த முடிச்சுதான் முதலில் சூடாகும். அறுந்ததை வெளியே சொல்லாமல், முடிச்சை விரலால் நீவி மறைத்த பயிற்சிக்காரப் பையன் ஒருவன் உங்கள் கதையில் இருந்தால், வில்லனே தேவையில்லை.

படி 4: குஞ்சம்

தோழியின் கேள்விக்குப் பதில் இங்கே. முந்தானைக் குஞ்சம் ஈர மண்ணைத் தொட வேண்டும். வெறும் பாறையில் நின்றால் சீலை இருந்தும் பயனில்லை. மண்ணில் இறங்கினாலும் ஆபத்து தீராது. மின்சாரம் தரையில் பரவும்போது அகட்டி வைத்த இரண்டு கால்களுக்கு நடுவே மின்னழுத்த வேறுபாடு வரும், ஒரு கால் வழியே ஏறி மறு கால் வழியே இறங்கும். அதனால் அவள் கால்களைச் சேர்த்து வைத்துத்தான் நிற்க வேண்டும். வீரமான தோரணை கிடையாது.

திருத்திய காட்சியில் ஒரு பகுதி:

"உச்சி முழுக்கப் பாறை. ஒரு பிடி சேறு தேடி அவள் தவழ்ந்தாள். இரண்டு பாறைகளுக்கு இடையே பாசி படிந்த மண் கையில் தட்டுப்பட்டது. குஞ்சத்தை அதற்குள் திணித்து, பாதங்களை ஒட்டி வைத்து, குந்தி உட்கார்ந்தாள்."

படி 5: மற்றவை

நிறம், பூ வேலைப்பாடு, பெயர் எல்லாம் உங்கள் விருப்பம்.

ஆனால் கருகிய இழைக்கு ஒரு கணக்கு எழுதி வையுங்கள், அத்தியாயம் வாரியாக. என் கதையில் 14-ஆம் அத்தியாயத்தில் கருகிய இழை 17-இல் பளபளவென்று திரும்பி வந்துவிட்டது.