சிரிக்க வைக்கிறேன் என்று பிள்ளையை அழ வைக்கும் தவறுகள்

புதிதாகப் பிள்ளை வளர்ப்பவர்களைக் கவனித்தால், பத்து இருபது வருடங்களுக்கு முன் நாம் செய்த அதே பிழைகள் அச்சு மாறாமல் திரும்பி வருகின்றன. பல் தேய்க்க வைப்பது, சோறு ஊட்டுவது, யூனிஃபார்ம் மாட்டுவது, தூங்க வைப்பது என்று ஒரே நாளில் பத்து இடத்தில் மல்லுக்கட்ட வேண்டியிருக்கிறது. அதைச் சிரிப்போடு கடக்கலாம் என்று நினைப்பது ரொம்ப நல்ல விஷயம். ஆனால் எந்த வயதுக்கு எந்தச் சிரிப்பு, யாரை வைத்துச் சிரிப்பு என்பதில்தான் கால் வழுக்குகிறது. அடிக்கக் கூடாது, பட்டப்பெயர் வைக்கக் கூடாது என்பதெல்லாம் எல்லாருக்கும் தெரியும் என்பதால் அவற்றை விட்டுவிடுகிறேன்.

வயது பார்க்காமல் வேடிக்கை செய்வது

குழந்தை ஆறிலிருந்து எட்டு வாரத்தில் முகம் பார்த்துச் சிரிக்கத் தொடங்கும். சத்தம் போட்டுச் சிரிக்க ஏறக்குறைய நான்கு மாதம் ஆகும். முதல் வருடத்தில் துண்டால் முகத்தை மூடி "அம்மா எங்க? காணோமே!" என்று திறந்து காட்டினாலே போதும். ஒன்றரை வயதில், பொருளைத் தப்பாகப் பயன்படுத்துவதுதான் பெரிய வேடிக்கை: கிண்ணத்தைத் தொப்பியாகக் கவிழ்ப்பது, சீப்பைக் காதில் வைத்து போன் பேசுவது. இரண்டு வயதுக்கு மேல் பெயரை மாற்றிச் சொன்னால் சிரிக்கும். பசுவைப் பார்த்து "மியாவ்" என்றால் போதும். மூன்றுக்கு மேல் ஆட்டோ ஓட்டும் யானை பிடிக்கும். "ஆறு தாண்டினா என்ன வரும்?" "ஏழு." "இல்ல, அக்கரை!" மாதிரியான சொல் விளையாட்டு ஏழு வயதை ஒட்டித்தான் சரியாகப் பிடிபடும்.

இதில் பெரியவர்கள் தவறுவது குத்தல் பேச்சில். மூன்று வயதுப் பிள்ளை பாலைக் கொட்டிவிடுகிறது. "ஆகா, என்ன அழகா ஊத்தியிருக்கே!" என்கிறார் அப்பா. சொல் பாராட்டாக இருக்கிறது, முகம் கடுப்பாக இருக்கிறது. எதை நம்புவது என்று அந்தப் பிள்ளைக்குத் தெரியாது. ஐந்து ஆறு வயது வரை சொல்லை அப்படியேதான் எடுத்துக்கொள்வார்கள். "பால் கொட்டிடுச்சு, துணி எடுத்துட்டு வா, சேர்ந்து துடைக்கலாம்" என்பதே சரி.

"உன்னைத் தவிட்டுக்கு வாங்கினோம்"

இன்றுவரை பொறுத்துக்கொள்ள முடியாத தவறு இதுதான். ஒரு வீட்டு விசேஷத்தில் நாலு வயதுப் பிள்ளை ஓடி விளையாடிக்கொண்டிருக்கும். சித்தப்பா பிடித்து மடியில் உட்கார வைப்பார். "டேய், உனக்கு விஷயம் தெரியுமா? உன்னைத் தவிட்டுக்கு வாங்கினது. உன் அக்காதான் உங்கம்மா பெத்தது. பாரு, அக்கா சிவப்பு, நீ கறுப்பு." சுற்றி உட்கார்ந்திருக்கும் பத்துப் பேரும் சிரிப்பார்கள். பிள்ளையும் சிரிக்கும். சிரித்துக்கொண்டே அம்மா முகத்தை ஒரு முறை பார்க்கும், பிறகு தன் கையைத் திருப்பிப் பார்க்கும், பிறகு அக்கா கையைப் பார்க்கும். அந்த மூன்று பார்வையையும் கூடத்தில் யாரும் கவனிக்க மாட்டார்கள்.

ஏன் இது இத்தனை ஆழமாக இறங்குகிறது? பெரியவர்கள் முகத்தில் சிரிப்போடு இல்லாததைச் சொல்வார்கள் என்ற கணக்கு அந்த வயதில் கிடையாது. அதோடு சித்தப்பா வெறும் பேச்சோடு நிறுத்தவில்லை. நிறம் என்று கண்ணால் பார்க்கக்கூடிய சாட்சியையும் காட்டிவிட்டார். பிள்ளை அழுதால் "என்னடா, விளையாட்டுக்குச் சொன்னா அழற?" என்று இரண்டாவது அடி விழும். பயமும் பொய், அழுததும் தப்பு என்றாகிவிடும். அடுத்த முறை பயந்தால் பிள்ளை வாயைத் திறக்காது. தம்பியோ தங்கையோ பிறந்திருக்கும் சமயத்தில் சொன்னால் இன்னும் மோசம். தன் இடம் பறிபோகிறதோ என்று ஏற்கனவே பதறிக்கொண்டிருக்கும் பிள்ளை அது.

"நம்ம பக்கத்துல வழக்கமா சொல்றதுதானே" என்பார்கள். அந்த வழக்கத்தின் வேர் வேடிக்கையில் இல்லை. பிறந்த பிள்ளைகள் அடுத்தடுத்து இறந்துபோன வீடுகளில், அடுத்த பிள்ளையாவது தங்கட்டும் என்று இன்னொருவர் கையில் கொடுத்து, தவிடு கொடுத்துத் திரும்ப வாங்கினார்கள். மதிப்பில்லாத பிள்ளை என்று தெரிந்தால் சாவு தீண்டாது என்ற நம்பிக்கை. குப்பன், குப்பம்மாள், பிச்சை என்ற பெயர்களும் அதே அச்சத்தில் வைத்தவைதான். பிள்ளையை எப்படியாவது காப்பாற்ற வேண்டும் என்று தவித்த தாய் செய்த காரியம், இன்று பிள்ளையைத் தவிக்க வைக்கும் பேச்சாகிவிட்டது.

இன்னொன்றும் யோசிக்க வேண்டும். அந்தக் கூடத்திலேயே முறைப்படி தத்தெடுத்து வளர்க்கப்படும் பிள்ளை ஒன்று உட்கார்ந்திருக்கலாம். தன் வாழ்க்கை ஒரு கேலிப் பொருள் என்று அதற்குப் புரிவது இப்படித்தான்.

சொல்லியாகிவிட்டது என்றால் சரிசெய்யும் வழி உண்டு. அன்று ராத்திரியே செய்ய வேண்டும், தானாக மறந்துவிடும் என்று விடக் கூடாது. "சும்மா சொன்னாங்க" என்பது போதாது, ஏனென்றால் எது சும்மா என்று பிள்ளைக்குத் தெரியாது. "அது பொய். நீ என் வயித்துலதான் இருந்தே" என்று நேராகச் சொல்லுங்கள். தத்தெடுத்த பிள்ளை என்றால் இந்த வரி வேண்டாம். எப்படி ஆசைப்பட்டுத் தேடி வந்தோம் என்ற உண்மைக் கதையைச் சொல்லுங்கள். பிறகு சாட்சி காட்டுங்கள்: பிறந்தபோது எடுத்த படம், தடுப்பூசி அட்டை, அதில் எழுதியிருக்கும் பிறந்த தேதி, எடை. "ரெண்டு கிலோ எண்ணூறு கிராம் இருந்தே, இந்தத் துண்டுலதான் சுத்திக் கொடுத்தாங்க" என்று பொருளைத் தொட்டுப் பார்க்க வைத்தால் நம்பும். சொன்னவரே போனிலாவது "நான் சொன்னது தப்பு, கண்ணு" என்று சொன்னால் பாதிப் பாரம் இறங்கிவிடும். இரண்டு மூன்று வாரம் திரும்பத் திரும்பக் கேட்கும். ஒவ்வொரு முறையும் முதல் தடவை போலவே பதில் சொல்ல வேண்டும்.

உறவினரை அங்கேயே நிறுத்தவும் தயங்க வேண்டாம். "மாமா, அவன் அதை நிஜம்னு நம்புவான், வேண்டாம்" என்ற ஒரு வரி போதும். பிள்ளையின் காதில் விழும்படி சொல்வது முக்கியம். அம்மா தன் பக்கம் நிற்கிறாள் என்று அதற்குத் தெரிய வேண்டும். "பூச்சாண்டி பிடிச்சுக்குவான்", "போலீஸ் வருது" என்பவையும் இதே வகைதான். கூட்டத்தில் தொலைந்துபோன பிள்ளை போய் உதவி கேட்க வேண்டிய ஆளைப் பார்த்தே ஓடி ஒளியும்.

கோபத்தின் உச்சியில் சிரிப்பு மூட்டுவது

கடையில் தரையில் புரண்டு அழும் பிள்ளைக்கு அந்த நேரத்தில் காட்டும் கோமாளி முகம் கேலியாகத்தான் தெரியும். அழுகை இன்னும் ஏறும். பெரும்பாலான அடம் ஐந்து நிமிடத்துக்குள் அடங்கிவிடும். முதலில் கத்தல், உதை. பிறகு குரல் இறங்கி விசும்பல். கத்தும்போது அடிபடாமல் பார்த்துக்கொண்டு பேசாமல் பக்கத்தில் இருங்கள். விசும்பலுக்கு இறங்கியதும் தூக்கி அணையுங்கள். மூச்சு சீரான பிறகுதான் விளையாட்டு.

முதல் தடவை சிரித்துவிடுவது

எட்டு ஒன்பது மாதக் குழந்தை, தான் செய்த எதற்கு வீடு சிரித்தது என்று குறித்து வைத்துக்கொண்டு அதையே திரும்பச் செய்யும். சோற்றைத் துப்பினாலும் சரி, பின்னால் மூன்று வயதில் ஒரு கெட்ட வார்த்தை சொன்னாலும் சரி, முதல் சிரிப்புதான் விதை. சிரிப்பு வந்தால் முகத்தைத் திருப்பிக்கொள்ளுங்கள். தாத்தா பாட்டிக்கும் முன்கூட்டியே சொல்லிவையுங்கள். ஒருவர் சிரித்தாலே போதும், பிள்ளை விடாது.

அழுகையை வீடியோ எடுத்து ஸ்டேட்டஸ் வைப்பது

வேண்டாம். அழும்போது கையில் தூக்க வேண்டியது பிள்ளையை.

வாயில் உணவு இருக்கும்போது சிரிக்க வைப்பது

சிரிப்பு அடங்கியதும் மூச்சை வேகமாக உள்ளே இழுப்போம். அந்த இழுப்பில் உணவு மூச்சுக்குழாய்க்குள் போய்விடலாம். நான்கு வயதுக்குள் முழு வேர்க்கடலை, பட்டாணி வேண்டவே வேண்டாம். திராட்சையை நீளவாக்கில் நான்காக நறுக்குங்கள்.

கையைப் பிடித்துத் தூக்கிச் சுழற்றுவது

ஐந்து வயதுக்குள் இப்படி இழுத்தால் முழங்கை எலும்பு நழுவிவிடலாம். பிள்ளை கையைத் தொங்கவிட்டபடி அசைக்காமல் வைத்திருந்தால் எண்ணெய் போட்டு நீவாமல் டாக்டரிடம் போங்கள். பெரும்பாலும் சில நிமிடங்களில் சரிசெய்துவிடுவார்.

கிச்சுகிச்சு

மூச்சு முட்டும்போதும் சிரிப்பு வரும், பிடிக்காதபோதும் வரும். இரண்டு மூன்று விநாடி செய்துவிட்டுக் கையை எடுங்கள். பிள்ளை உங்கள் கையை இழுத்து வைத்தால் மட்டும் திரும்பச் செய்யுங்கள். முகத்தைத் திருப்பினாலோ "போதும்" என்றாலோ அங்கேயே நிறுத்துங்கள்.

வேடிக்கையை நீட்டிக்கொண்டே போவது

பல் தேய்க்க மறுக்கும் பிள்ளையிடம் பிரஷை முழங்கையில் வைத்து "பல்லு இங்கதானே இருக்கு?" என்று கேளுங்கள். "இல்ல!" என்று கத்தும். அடுத்து காதில், அடுத்து மூக்கில். பெரியவருக்குத் தெரியாதது தனக்குத் தெரிகிறது என்ற சந்தோஷத்தில் வாயைத் திறந்து காட்டும். இதை மூன்று முறையோடு நிறுத்த வேண்டும். நான்காவது முறை போனால் அது பல் தேய்ப்பதற்குப் பதிலான விளையாட்டாகிவிடும். மூன்றாவது "இல்ல!" வரும்போதே பிரஷ் பல்லில் இருக்க வேண்டும், மூன்று வயது வரை அரிசி அளவு பேஸ்ட், அதற்கு மேல் பட்டாணி அளவு, மொத்தம் இரண்டு நிமிடம்.