புதுச்சேரியில் இருந்தபடி உலக நாடுகளைப் படிப்பது எப்படி? தொடக்கநிலையாளர்களுக்கு

பொது அறிவுக் கையேடுகளின் கடைசிப் பக்கங்களில் ஒரு பட்டியல் இருக்கும். நாடு, தலைநகர், நாணயம் என்று வரிசையாகப் போகும். அதை மேலிருந்து கீழாக மனப்பாடம் செய்பவர்களைப் பார்த்தால் எனக்குப் பாவமாக இருக்கும். எத்தியோப்பியாவுக்கு வருவதற்குள் அங்கோலா மறந்துபோகும். ஐ.நா.வில் 193 உறுப்பு நாடுகள் இருக்கின்றன. அத்தனையையும் ஒட்டும் உறவும் இல்லாமல் தலைக்குள் அடைக்க யாராலும் முடியாது.

புதுச்சேரியிலும் கடலூரிலும் இருப்பவர்களுக்கு வேறு வழி உண்டு. நம் ஊரின் வரலாறே பாதி உலகத்தோடு பிணைந்து கிடக்கிறது. அதைப் பிடித்துக்கொண்டு நடந்தால் போதும்.

முதல் படி: வெற்று வரைபடம்

பள்ளிப் பிள்ளைகளுக்கு விற்கும் உலக வரைபடத் தாள்களில், நாடுகளின் எல்லை மட்டும் அச்சிட்டு, பெயர் போடாத தாளாகப் பார்த்து வாங்குங்கள். நேரு வீதியிலோ திருப்பாதிரிப்புலியூரிலோ எந்த ஸ்டேஷனரி கடையிலும் கேட்டுப் பாருங்கள். இரண்டு தாள் வேண்டும். ஒன்றில் எழுதிப் படிக்க, மற்றொன்றில் பார்க்காமல் எழுத. கூடவே ஓர் அடிக்கோல், பென்சில், ஒரு சிவப்பு வண்ணப் பென்சில்.

ஓர் எச்சரிக்கை. பல வரைபடங்களில் கிரீன்லாந்து ஆப்பிரிக்கா அளவுக்குப் பெருத்துத் தெரியும். உண்மையில் ஆப்பிரிக்கா அதைப்போல ஏறத்தாழ 14 மடங்கு பெரியது. உருண்டையான பூமியைத் தட்டையான தாளில் விரிக்கும்போது துருவங்களை ஒட்டிய நிலங்கள் ஊதிவிடுகின்றன. பரப்பளவைக் கண்ணால் அளந்து முடிவு செய்யாதீர்கள்.

இரண்டாம் படி: 12 டிகிரிக் கோடு

புதுச்சேரி வட அட்சரேகை 12 டிகிரிக்குச் சற்றுத் தெற்கே இருக்கிறது. கோடு ஏறத்தாழ ஆரோவில் மேலேயே போகிறது. அடிக்கோலை வைத்து அந்தக் கோட்டைத் தாளின் ஒரு ஓரத்திலிருந்து மறு ஓரம் வரை இழுங்கள். இந்தப் படிக்கு அதிக நேரம் ஒதுக்குங்கள்.

மேற்கே போங்கள். அரபிக்கடலைத் தாண்டினால் ஜிபூட்டி. பிறகு எத்தியோப்பியா, தென் சூடானின் வட முனை, சூடான், சாட், கேமரூனின் வட கோடி, நைஜீரியா, நைஜரின் தென் முனை, பெனின், புர்கினா பாசோ, மாலி, கினியா, கினியா-பிசாவ். அட்லாண்டிக்கைக் கடந்தால் கிரெனடா, வெனிசுவேலா, கொலம்பியா ஆகியவற்றின் ஓரங்கள், பிறகு நிகரகுவா. பசிபிக்கைத் தாண்டி பிலிப்பைன்ஸ், வியட்நாம், கம்போடியா, தாய்லாந்து, மியான்மர், அந்தமான், மீண்டும் நம் கடற்கரை.

கோட்டை ஒட்டியே எத்தனை தலைநகரங்கள் இருக்கின்றன, பாருங்கள்: ஜிபூட்டி, சாட்டின் என்ஜமேனா, புர்கினா பாசோவின் வாகடூகு, மாலியின் பமாக்கோ, பிசாவ், நிகரகுவாவின் மனாகுவா, கம்போடியாவின் புனோம் பென். ஒவ்வொன்றையும் எழுதும்போது ‘நம் ஊரிலிருந்து நேர் மேற்கு’ அல்லது ‘நேர் கிழக்கு’ என்று சொல்லிக்கொண்டே எழுதுங்கள்.

ஒரே கோட்டில் இருந்தாலும் ஒரே தட்பவெப்பம் கிடையாது. நமக்கு வடகிழக்குப் பருவமழை வங்கக் கடலிலிருந்து வருகிறது. என்ஜமேனாவுக்குக் கடல் வெகுதூரம். சகாராவின் விளிம்பு பக்கம். எத்தியோப்பியாவின் லலிபெலா கோட்டின் மேலேயே இருந்தும் ஏறத்தாழ 2,500 மீட்டர் உயரம் காரணமாகக் குளிர்ச்சியானது. பாறையைக் குடைந்து செதுக்கிய 11 தேவாலயங்கள் அங்கேதான் இருக்கின்றன. அட்சரேகை, உயரம், கடலின் தூரம் ஆகிய மூன்றையும் சேர்த்துப் பார்த்தால் ஒரு நாட்டின் தட்பவெப்பத்தை ஓரளவு நீங்களே ஊகித்துவிடலாம்.

மூன்றாம் படி: சிவப்புப் பென்சில்

அந்தக் கோட்டில் பிரான்ஸ் ஆண்ட நாடுகளுக்குச் சிவப்பு தீட்டுங்கள். ஜிபூட்டி, சாட், கேமரூனின் பெரும்பகுதி, நைஜர், பெனின், புர்கினா பாசோ, மாலி, கினியா, வியட்நாம், கம்போடியா. பத்து நாடுகள் வந்துவிட்டன. புதுச்சேரிக்கும் அதே வண்ணம்தான்.

இனி ஆண்டுகள். எதையும் புதிதாக மனப்பாடம் செய்ய வேண்டாம். புதுச்சேரியின் விடுமுறை நாள்களே போதும்.

நவம்பர் 1 நமக்கு விடுதலை நாள். 1954 அக்டோபர் 18 அன்று கீழூரில் மக்கள் பிரதிநிதிகள் 178 பேர் கூடி, 170 பேர் இந்தியாவோடு இணைய வாக்களித்தார்கள். நவம்பர் 1 அன்று ஆட்சி கைமாறியது. அதே நவம்பர் 1 அன்றுதான் பிரான்சுக்கு எதிரான ஆயுதப் போர் அல்ஜீரியாவில் தொடங்கியது. அந்த ஆண்டு மே மாதம் வியட்நாமின் தியன் பியன் பூவில் பிரெஞ்சுப் படை தோற்றிருந்தது. ஜூலையில் அங்கே போரை நிறுத்திய ஜெனீவா உடன்படிக்கை. ஒரே ஆண்டில் மூன்று இடங்களில் பிரெஞ்சுப் பேரரசு ஆட்டம் கண்டது; அதில் நம்முடையதுதான் போரில்லாமல் முடிந்தது.

1956 மே மாதம் புதுச்சேரியை ஒப்படைக்கும் ஒப்பந்தம் கையெழுத்தானது. அந்த மார்ச்சில்தான் மொராக்கோவும் துனீசியாவும் விடுதலை பெற்றிருந்தன. ஆனால், அல்ஜீரியப் போர் ஓயும்வரை பிரெஞ்சு நாடாளுமன்றம் நம் ஒப்பந்தத்துக்கு ஒப்புதல் தரவில்லை. 1962 ஜூலை 5 அல்ஜீரியாவுக்கு விடுதலை. ஆகஸ்ட் 16 நமக்குச் சட்டப்படியான இணைப்பு. ஆகஸ்ட் 15-க்கு மறுநாளும் நம் பள்ளிகளுக்கு ஏன் விடுமுறை என்று கடலூர்ப் பிள்ளைகள் கேட்டால், அல்ஜீரியாவைக் காட்டிப் பதில் சொல்லலாம்.

நடுவில் 1960. அந்த ஓர் ஆண்டில் ஆப்பிரிக்காவில் 17 நாடுகள் விடுதலை பெற்றன. அவற்றில் 14 நாடுகள் பிரெஞ்சு ஆட்சியில் இருந்தவை. நீங்கள் சிவப்பு தீட்டிய ஆப்பிரிக்க நாடுகளில் கினியா முந்திக்கொண்டது, 1958. ஜிபூட்டி பிந்தியது, 1977.

கடலூர்க்காரர்களுக்கும் ஓர் ஆண்டு உண்டு: 1783. அமெரிக்க விடுதலைப் போரில் பிரான்ஸ் 1778-இல் அமெரிக்கர்கள் பக்கம் சேர்ந்ததும், சண்டை இங்கேயும் வந்துவிட்டது. அந்த ஆண்டே ஆங்கிலேயர் புதுச்சேரியைப் பிடித்தார்கள். 1783 ஜூன் 20 அன்று கடலூர்க் கடலில் சுஃப்ரேனின் பிரெஞ்சுக் கப்பல்களும் ஹியூஸின் ஆங்கிலக் கப்பல்களும் மோதின. முதற்கட்ட சமாதான உடன்படிக்கையோ ஜனவரியிலேயே ஐரோப்பாவில் கையெழுத்தாகிவிட்டது. செய்தி கப்பலேறி வந்து சேரும்வரை இங்கே மனிதர்கள் செத்துக்கொண்டிருந்தார்கள். அமெரிக்க விடுதலைப் போரின் கடைசிப் பெரிய மோதல் நடந்தது நம் கடலில்தான். புதுச்சேரியில் சுஃப்ரேன் பெயரில் இன்றும் ஒரு வீதி இருக்கிறது.

நான்காம் படி: விழுப்புரம் பஸ்

புதுச்சேரியிலிருந்து விழுப்புரம் போகும் பஸ்ஸில் சன்னலோரம் உட்காருங்கள். வில்லியனூர் வரை புதுச்சேரி. கண்டமங்கலத்தில் கடைப் பலகைகளில் ‘விழுப்புரம் மாவட்டம்’ என்று வரும். சற்று நேரத்தில் திருபுவனை, மதகடிப்பட்டு; மறுபடி புதுச்சேரி. வளவனூரில் மறுபடி தமிழ்நாடு. காரைக்கால், மாஹே, ஏனாம் ஆகியவை இன்னும் தள்ளித் தள்ளி இருக்கின்றன. கோட்டை நேராகப் போட்டு நிலத்தைப் பிரிக்கவில்லை. வணிகக் கம்பெனிகள் கிராமம் கிராமமாக வாங்கியும் பிடித்தும் சேர்த்ததால் வந்த திட்டுகள் இவை.

இதைப் பார்த்துவிட்டால் உலகத் திட்டுகள் எளிது. தென்னாப்பிரிக்காவுக்குள் லெசோதோ. இத்தாலிக்குள் சான் மரினோவும் வாடிகனும். ரஷ்யாவிலிருந்து பிரிந்து கிடக்கும் கலினின்கிராட், அங்கோலாவின் கபிண்டா. இந்தியாவும் வங்கதேசமும் இப்படிப்பட்ட 162 திட்டுகளை 2015-இல்தான் பரிமாறித் தீர்த்துக்கொண்டன. எல்லாவற்றையும் தாளில் புள்ளி வைத்துக் குறியுங்கள்.

ஐந்தாம் படி: குண்டு விழுந்த தூரம்

1690-இல் ஆங்கிலேயர் மராத்தியரிடமிருந்து புனித டேவிட் கோட்டையை வாங்கியபோது, கோட்டையிலிருந்து பீரங்கிக் குண்டு போய் விழும் தூரம்வரை உள்ள நிலமும் விலைக்குள் அடங்கியது. கடலூரை ஒட்டிய குண்டு உப்பலவாடி என்ற ஊர்ப்பெயர் அதன் மிச்சம்.

வேடிக்கை என்னவென்றால், கடல் எல்லையையும் ஐரோப்பியர் நெடுங்காலம் இப்படித்தான் அளந்தார்கள். கரையிலிருந்து பீரங்கி எட்டும் தூரம் நாட்டுக்குச் சொந்தம்; அதுவே 3 கடல் மைல் என்று நிலைத்தது. 1982-இன் ஐ.நா. கடல் சட்ட ஒப்பந்தத்தில் 12 கடல் மைல் ஆனது. ஆப்பிரிக்காவில் காம்பியா ஆற்றின் இரு கரையிலும் ஒல்லியாக ஒரு நாடு இருக்கிறது. ஆற்றில் நின்ற ஆங்கிலக் கப்பலின் குண்டு எட்டிய தூரமே அதன் எல்லை என்று கதை சொல்வார்கள். உண்மையில் 1889-இல் பிரிட்டனும் பிரான்சும் பேசி முடித்த எல்லை அது. மூன்று பக்கமும் பிரான்ஸ் ஆண்ட செனகல் சூழ்ந்திருக்கிறது. நம் ஊர் நிலைமையைத் திருப்பிப் போட்டது போல.

ஆறாம் படி: பார்க்காமல் எழுதுவது

ஒரு வாரம் கழித்து இரண்டாவது தாளை எடுத்துப் பார்க்காமல் நிரப்புங்கள். தடுமாறும் இடங்கள் பெரும்பாலும் ஒன்றாகவே இருக்கும். கினியா, கினியா-பிசாவ், ஈக்குவடோரியல் கினியா மூன்றும் ஆப்பிரிக்காவில். பப்புவா நியூ கினியா ஆஸ்திரேலியாவுக்கு வடக்கே. காங்கோ இரண்டு. துருக்கியின் தலைநகர் அங்காரா, இஸ்தான்புல் அல்ல. நைஜீரியாவுக்கு அபுஜா, லாகோஸ் அல்ல. பழைய கையேடுகளை நம்ப வேண்டாம். 2011-இல் பிறந்த தென் சூடானே இல்லாத பதிப்புகள் பழைய புத்தகக் கடைகளில் கிடக்கின்றன. சுவாசிலாந்து 2018-இல் எஸ்வாத்தினி ஆனது. மாசிடோனியா 2019-இல் வட மாசிடோனியா ஆனது.

பசிபிக் தீவுகளை முதல் சுற்றில் விட்டுவிடுங்கள். அடுத்த சுற்றை வனுவாட்டுவில் தொடங்கலாம். இங்கே நெடுங்காலம் அடித்துக்கொண்ட பிரிட்டனும் பிரான்சும் அந்தத் தீவுக்கூட்டத்தை 1980 வரை ஒன்றாகவே ஆண்டன. அப்போது அங்கே காவல் துறையும் இரண்டு, சிறையும் இரண்டு.