அழல்பூண்டு கருகாமல் நின்றது எப்படி?

மும்பை மாட்டுங்காவில் நண்பர்கள் சிலர் சேர்ந்து, பிள்ளைகளுக்காக ஒரு எரிமலை உலகத்தைக் கதையாக எழுதி வருகிறோம். அதில் வரும் அழல்பூண்டு என்ற கற்பனைச் செடி என் பொறுப்பு. கரும்பாறையில் முளைக்கும், இரவில் சிவப்பாக ஒளிரும். "எரிமலைப் பக்கத்துல இருந்தா கருகிடாதா ஆன்ட்டி?" என்று ஒரு சிறுமி கேட்டாள். நியாயமான கேள்வி.

விடை ஹவாய்த் தீவில் கிடைத்தது. அங்குள்ள ஓஹியா லெஹுவா மரம், எரிமலைக் குழம்பு ஆறி இறுகிய பாறையில் முதலில் முளைப்பவற்றில் ஒன்று. அதன் மிக நுண்ணிய விதை காற்றில் வந்து விரிசலில் விழும். அங்கே தங்கிய ஈரத்தில் வேர் இறங்கும். எரிமலையின் நச்சு வாயு வீசும்போது இலைத்துளைகளை மூடிக்கொள்ளும். எவ்வளவு அழகான ஏற்பாடு!

சரி, அழல்பூண்டுக்கும் அதையே கொடுத்தேன். வாயு வந்தால் இலை மூடும், ஒளி அணையும். ஊர்க்காரர்கள் அதைப் பார்த்து மலையிறங்கி ஓடுவார்கள். செடி இப்போது கதையில் ஒரு பாத்திரமாகவே ஆகிவிட்டது. புதுப் பாறையில் தழைச்சத்து (நைட்ரஜன்) அநேகமாக இருக்காது என்பதால், அதைக் காற்றிலிருந்து பிடித்துத் தர, அவரைக்கு இருப்பதுபோல் வேர்முடிச்சுகளும் வைத்தேன்.

பாறையை வரைய அந்தேரி கில்பர்ட் மலைக்குப் போனோம். சுமார் 6.6 கோடி ஆண்டுகளுக்கு முன் எரிமலைக் குழம்பு உறைந்து உருவான பசால்ட் தூண்கள் அவை. தூண்களுக்கு இடையே நெட்டுக்குத்தாக ஓடும் பிளவுகளில்தான் வேரை வரைந்திருக்கிறேன். அப்புறம், மகரந்தம் சுமக்க ஒரு பூச்சி வேண்டும். அடுத்த வேலை அதுதான்.