கூர்க்கா சிப்பாய்களின் பழைய ஊமைப்படத்தை ஊரில் போட்டுக் காட்டுவது எப்படி

மலேசியாவில் சுங்கை பட்டாணி பக்கத்துத் தோட்டங்களில் கூர்க்கா, அதாவது நேபாளத்துச் சிப்பாய், என்றாலே பெரியவர்களுக்கு கேம்ப் ஞாபகம்தான் வரும், 1971 வரை அவர்களுடைய பயிற்சி முகாம் இங்கேதானே இருந்தது. அதனால் முதல் உலகப் போர்க் காலத்து கூர்க்கா படம் என்று சொன்னால் மண்டபத்துக்கு ஆள் வரும். ஆனால் அப்படியே ஓடவிட்டால் சிப்பாய்கள் துள்ளித் துள்ளி ஓடுவார்கள், கூட்டம் சிரிக்கும். பிரான்ஸ் வரை போய் உயிரை விட்டவர்களைப் பார்த்து யாரும் சிரிக்க வேண்டாம்.

முதலில் வேகத்தைச் சரி செய்யுங்கள். அந்தக் காலக் கேமராவைக் கையால் சுற்றினார்கள், நொடிக்கு ஏறக்குறைய 16 படம் பதிவாகும். அதை நொடிக்கு 24 படம் கணக்கில் ஓட்டினால் எல்லாம் ஒன்றரை மடங்கு வேகமாகிவிடும். கணினியில் விஎல்சி என்ற வீடியோ மென்பொருளில் திறந்து 0.67 வேகத்தில் ஆரம்பியுங்கள், கை சுற்றிய வேகம் துண்டுக்குத் துண்டு மாறும் என்பதால் ஒவ்வொன்றையும் தனியாகப் பாருங்கள். இங்கே ஒன்றைக் கவனிக்க வேண்டும்: கூர்க்காக்கள் ரைஃபிள் படைப்பிரிவு, நிமிடத்துக்கு 140 காலடி வைத்து நடப்பார்கள், அவர்கள் நடையே வேகம்தான். சிப்பாயின் காலைப் பார்த்து வேகத்தைக் குறைத்தால் அந்த மிடுக்கு போய்விடும். ஓரத்தில் நின்று வேடிக்கை பார்க்கிறவர், புகை, குதிரையின் வால், இவை இயல்பாகத் தெரிகிற வேகத்தில் வையுங்கள்.

அப்புறம், படத்தில் இடையிடையே எழுத்தாக வரும் தலைப்பு அட்டையை அப்படியே நம்பாதீர்கள், சிலவற்றைப் பின்னால் சேர்த்திருப்பார்கள். கூர்க்கா என்று அடையாளம் சொல்ல, சாய்த்துப் போட்ட அகலத் தொப்பி மட்டும் போதாது, இமயமலைப் பக்கத்து கட்வால் படையினரும் அதேதான் போட்டார்கள். அணிவகுப்பு, சமையல், விளையாட்டுதான் அதிகம் இருக்கும், ஏனென்றால் முக்காலியில் நிற்கிற கனமான கேமராவைச் சண்டை நடக்கிற இடத்துக்குக் கொண்டுபோவது லேசான காரியமில்லை. துரைமார் தங்கள் படையை உலகுக்குக் காட்ட எடுத்த படம் என்பதையும் மறக்க வேண்டாம்.

பின்னணி இசை போடாதீர்கள். முகம் தெளிவாகத் தெரிகிற இடத்தில் படத்தை நிறுத்தி, கொஞ்ச நேரம் பார்க்க விடுங்கள்.

தொடங்கும் முன் ஒரு விளக்கம் சொல்லிவிடுங்கள்: படத்தில் இருப்பவர்கள் பிரிட்டிஷ் இந்திய ராணுவத்தினர், நம் ஊர் கேம்ப்பில் இருந்தவர்களோ 1947இல் பத்து கூர்க்கா ரெஜிமெண்டில் நான்கு பிரிட்டனுக்குப் பிரிந்த பிறகு, 1948இலிருந்து மலாயாவுக்கு வந்தவர்கள். நடுவில் பாட்டியோ தாத்தாவோ பேச ஆரம்பித்தால் படத்தை நிறுத்திவிட்டு, அவர்களிடம் கேட்டுக்கொண்டு போனில் பதிவு செய்யுங்கள், எந்தத் தோட்டம், எந்த வருஷம் என்பதையும் சேர்த்தே கேளுங்கள்.