தீபாவளி இரவின் காலிக் கட்டங்கள்

சென்னையில் ஒரு காற்றுத்தர நிலையத்தின் பி.எம். 2.5 நுண்துகள் கணக்கில், தீபாவளி இரவு பத்திலிருந்து இரண்டு மணி வரை கட்டங்கள் காலி. மாதச் சராசரியை இட்டு நிரப்பினேன். பட்டாசே வெடிக்காத தீபாவளி கிடைத்தது!

காலிக்கு முந்தைய எண்ணைப் பார்த்தபோதுதான் உறைத்தது: 985. அந்தக் கருவியின் உச்சவரம்பே அதுதான். புகை மிகுந்ததால்தான் அளவு விடுபட்டிருக்கிறது. பிழைப்பதிவும் அதையே சொன்னது.

நிரப்பியதை அழித்துவிட்டு, அந்த நான்கு மணிகளையும் '985க்குக் குறையாதது' என்று குறித்தேன். மின்வெட்டால் விழுந்த சிறு இடைவெளிகளை மட்டும் இருபுற எண்களையும் நேர்கோட்டில் இணைத்து நிரப்பினேன். அதையும் நம்பிவிடவில்லை. இருக்கும் எண்கள் சிலவற்றை வேண்டுமென்றே மறைத்து, நிரப்பி, ஒப்பிட்டேன். இடைவெளி மூன்று மணி நேரத்தைத் தாண்டினால் பிழை எகிறியது. 16 மணி நேரத் தரவு இல்லாத நாள்களுக்குச் சராசரியே போடவில்லை. தேசியக் காற்றுத்தரக் குறியீட்டின் விதியும் அதுதான்.